காக்கையின் பெயர்

அமரசிம்மன் இயற்றிய ‘அமரகோசம்’ என்னும் வடமொழி நிகண்டு, குயிலுக்கு உரிய பெயர்களுள் ஒன்றாகப் ‘பரப்ருதம்’ என்பதைச் சொல்கிறது. பிறரால் வளர்க்கப்பட்டது என்று பொருள். அதே நூல் காக்கைக்குப் ‘பரப்ருத்’ என்று ஒரு பெயர் தருகிறது. பிறரை வளர்ப்பது என்று பொருள். இரு பறவைகளின் உறவு முழுவதும் இவ்விரு சொற்களுக்குள் அடங்கிவிட்டது.

குயில் கூடு கட்டுவதில்லை. காக்கை முட்டையிடும் காலமே அதற்கும் பருவம். கரிய ஆண்குயில் காக்கைக் கூட்டருகே வந்து கூவும். காக்கைகள் சினந்து அதனைத் துரத்திச் செல்லும். அந்த நேரம் பார்த்து, உடலெங்கும் புள்ளிகள் கொண்ட பெண்குயில் ஓசையின்றி நுழைந்து முட்டையிட்டு அகலும். முட்டை சற்றுச் சிறியதே ஆயினும் நிறத்தால் காக்கை முட்டையை ஒத்திருக்கும். சில நாள் முன்னதாகவே அது பொரிந்துவிடுவதால், முதல் இரை குயில் குஞ்சுக்கே கிடைக்கிறது. பசியால் காக்கைக் குஞ்சுகள் மடிவதும் உண்டு. இத்தனைக்கும் காக்கை அறிவிற் குறைந்த பறவை அன்று. வளர்ந்த குயிலைக் கண்ட இடத்தில் விரட்டும். வாய் திறந்து இரக்கும் குஞ்சை மட்டும் விரட்டாது. கூட்டை விட்டு அது வெளிவந்த பின்னும் ஊட்டிக்கொண்டே இருக்கும்.

காளிதாசரின் சாகுந்தலத்தில், 5-ஆம் அங்கத்தில், சாபத்தால் நினைவிழந்த துஷ்யந்தன் இச்செய்தியைச் சொல்லியே சகுந்தலையைப் பழிக்கிறான். குயிலும் தன் குஞ்சைப் பிற பறவைகளிடம் வளரவிடுகிறது, பெண்ணினத்துக்கு வஞ்சனை இயல்பு என்பது அவன் வாதம். கருவுற்று நிற்பவளிடம் சொல்லத் தகாத சொல். அவளோ, பெற்ற மேனகை வனத்தில் விட்டுச் சென்ற குழந்தை. பறவைகள் சூழ்ந்து காத்தமையால் சகுந்தலை எனப் பெயர் பெற்றாள். கண்வர் எடுத்து வளர்த்தார். வளர்ப்பின் அருமையை அவளினும் அறிந்தவர் அந்த அவையில் எவர்? பெண்குயில் மறவாது வந்து தன் குஞ்சுக்கு இரை ஊட்டியதைப் பறவை ஆய்வாளர் சிலர் கண்டதும் உண்டு. அரசன் அதை அறியான்.

குயிலுக்குப் புகழ் குறைவில்லை. பெருமான் வரக் கூவும்படி அதனை வேண்டி ஆண்டாள் ஒரு பதிகமே பாடினாள். காக்கைக்கு வாய்த்தது அமாவாசைச் சோறு. அமரகோசம் அதற்குப் ‘பலிபுஷ்டம்’, அதாவது பலிச்சோற்றால் வளர்வது, என்றும் பெயரிட்டிருக்கிறது. முன்னோரை நினைந்து இல்லத்தார் வைக்கும் பிடிசோற்றைக் கொத்திக்கொண்டு, கோடை நாளில், காக்கை கூட்டுக்கு விரைகிறது. அங்கே தன் குஞ்சுகளோடு குயிலின் குஞ்சும் வாய் திறந்து காத்திருக்கிறது.