கட்டுமரம் உள்ளே, கட்டியவர் வெளியே

புதுச்சேரி கடற்கரைச் சாலையில் ஒரு மாலை நடந்துகொண்டிருந்தபோது நண்பர் சொன்னார்: "சென்னையில் இருக்கிற மாதிரி இங்கேயும் ஒரு யாட் கிளப் வந்துவிட்டால் ஊரின் மதிப்பே கூடிவிடும்." யாருடைய மதிப்பு என்று கேட்டேன். சிரித்தார். "எல்லாவற்றிலும் சாதியைப் பார்க்காதே தோழா. காற்றுக்கும் தண்ணீருக்கும் ஏது சாதி?"

காற்றுக்கு இல்லைதான். தண்ணீருக்கு இருந்தது. 1927இல் மகத் நகரின் சவுதார் குளத்தில் ஒரு கை தண்ணீர் அள்ளிக் குடிப்பதற்கு அம்பேத்கர் ஆயிரக்கணக்கான மக்களைத் திரட்டிக்கொண்டு போக வேண்டியிருந்தது. எந்தத் தண்ணீரை யார் தொடலாம் என்பது இந்த நாட்டில் சாதியின் அரிச்சுவடி. அது குளத்தங்கரையோடு நின்றுவிட்டது, கடற்கரைக்கு வரவில்லை என்று எதை வைத்து நம்புவது?

நண்பர் உதாரணம் காட்டிய கிளப்பையே எடுத்துக்கொள்வோம். ராயல் மெட்ராஸ் யாட் கிளப் 1911இல் தொடங்கப்பட்டது. தொடங்கியவர் சர் பிரான்சிஸ் ஸ்பிரிங், அப்போது சென்னைத் துறைமுகக் கழகத்தின் தலைவர். கிளப் இன்றும் துறைமுகத்துக்குள்தான் இருக்கிறது. பெயரில் 'ராயல்' இன்றும் ஒட்டிக்கொண்டிருக்கிறது. துறைமுகத்தை நிர்வகித்தவரே கிளப்பையும் தொடங்கியதற்குக் காரணம் எளிது. சோழமண்டலக் கரையில் அலை நேராக வந்து அடிக்கும். பொழுதுபோக்குப் படகு நிற்க அமைதியான தண்ணீர் வேண்டும். அந்த அமைதி இயற்கையில் இங்கே கிடையாது. கடலுக்குள் கல்லைக் கொட்டி அலைதடுப்புச் சுவர் எழுப்பினால்தான் கிடைக்கும்.

அந்தச் சுவருக்கு விலை கொடுத்தவர்கள் யார்? நம் கரையோரமாகக் கடல், ஆண்டின் பெரும்பகுதி தெற்கிலிருந்து வடக்கே மணலைக் கொண்டுபோகிறது. குறுக்கே சுவர் வந்தால் தெற்கே மணல் சேரும், வடக்கே கரை அரிக்கும். சென்னையில் தெற்கே விரிந்த மணல்தான் மெரினா. வடக்கே அரிபட்டது ராயபுரத்தைத் தாண்டிய மீனவர் கரை. மெரினாவில் காற்று வாங்குகிறவரும் துறைமுகத்துக்குள் பாய் விரிக்கிறவரும் ஒரே சுவரின் வரவை அனுபவிக்கிறார்கள். செலவு வடசென்னையின் கணக்கில்.

இது புதுச்சேரிக்காரருக்குப் புதுக்கதை அல்ல. 1980களில் அரியாங்குப்பம் ஆற்று முகத்துவாரத்தில் துறைமுகச் சுவர்கள் எழும்பின. சில ஆண்டுகளிலேயே ஊரின் கடற்கரை காணாமல் போனது. கடற்கரைச் சாலையைக் காக்கப் பாறாங்கல் கொட்டினார்கள். அரிப்பு வடக்கே நகர்ந்து குருசுக்குப்பத்தையும் வைத்திக்குப்பத்தையும் தின்றது. எல்லை தாண்டித் தமிழ்நாட்டுக் குப்பங்களுக்கும் போனது. வலை உலர்த்தவும் படகு ஏற்றவும் மணல் இல்லாத மீனவர், நிலம் பறிபோன உழவருக்குச் சமம். பின்னாளில் செயற்கைத் திட்டு ஒன்றைக் கடலுக்குள் இறக்கி மணலைத் திரும்ப வரவைத்தார்கள். மணல் திரும்பியது எங்கே? தலைமைச் செயலகத்துக்கு எதிரே, சுற்றுலாப் பயணிகள் செல்ஃபி எடுக்கும் இடத்தில்.

பிரெஞ்சுக்காரர்கள் ஒரு வாய்க்காலை நடுவே வைத்து இந்த ஊரை வெள்ளை நகரம், கறுப்பு நகரம் என்று பிரித்தார்கள். அவர்கள் போய்விட்டார்கள். 'ஒயிட் டவுன்' என்ற பெயரை மட்டும் நாம் கூச்சமில்லாமல் விளம்பரப் பலகையில் எழுதி விற்கிறோம். சின்ன வீராம்பட்டினத்துக் கடற்கரைக்கு 'ஈடன் பீச்' என்று பெயர் சூட்டி, 2021இல் நீலக்கொடிச் சான்றிதழும் வாங்கிவிட்டோம். ஊர்ப்பெயர் இருந்தால் விருந்தினர் வரமாட்டார்களா?

இனி அந்தப் படகைப் பார்ப்போம். உலகெங்கும் யாட் கிளப்புகளில் இரட்டை உடல் கொண்ட பந்தயப் படகுக்கு 'கேட்டமரான்' என்று பெயர். நம் 'கட்டுமரம்'தான் அது. 17ஆம் நூற்றாண்டின் இறுதியில் வில்லியம் டாம்பியர் என்ற ஆங்கிலக் கடலோடி இந்தச் சொல்லைத் தன் பயண நூலில் எழுதிவைத்தார். சொல் கப்பலேறிக் கிளப்புக்குள் போய்விட்டது. அந்த மரத்தைத் தேர்ந்தெடுத்து, செதுக்கி, கயிற்றால் கட்டியவர்களின் பேரப்பிள்ளைகள் போகவில்லை. துறைமுகம் இல்லாத காலத்தில் நங்கூரமிட்ட கப்பலிலிருந்து வெள்ளைத் துரைகளையும் சரக்கையும் அலை தாண்டிச் சலங்குப் படகில் கரைசேர்த்தவர்களும் இவர்கள்தான். வாடை, கொண்டல், கச்சான், சோழகம் என்று காற்றின் திசைக்கொரு பெயர் வைத்திருக்கும் மக்கள் அவர்கள். அவர்களுக்குப் பாய் பிடிக்கக் கற்றுத்தர ஒரு கிளப் தேவையில்லை. ஆனால் அந்த அறிவுக்குக் கோப்பை கிடையாது, சான்றிதழ் கிடையாது. அதன் பெயர் 'குலத்தொழில்'.

இதற்கு நேர்மாறான ஒன்றையும் நினைவில் வையுங்கள். பௌதாயன தர்மசூத்திரம் கடற்பயணத்தைச் சாதியிலிருந்து விழவைக்கும் பாவங்களின் வரிசையில் வைக்கிறது. கடல் தாண்டியவருக்குப் பிராயச்சித்தம் விதித்த மரபு அது. கடலில் உழைத்தவரைத் தாழ்ந்தவர் என்றார்கள். அதே கடல் பந்தயமாகவும் பதக்கமாகவும் மாறியதும் பாவம் போன இடம் தெரியவில்லை. சாதி என்பது வேலைப் பிரிவினை மட்டுமல்ல, வேலை செய்கிறவர்களையே பிரித்து அடுக்கும் ஏற்பாடு என்றார் அம்பேத்கர். கடலில் அந்த அடுக்கு இப்படி இருக்கிறது: ஒருவருக்குக் கடல் விளையாட்டு, இன்னொருவருக்குக் கடல் விதி.

"எங்கள் கிளப்பில் சாதி கேட்பதே இல்லையே" என்பார்கள். உண்மைதான், விதிப்புத்தகத்தில் இருக்காது. உறுப்பினர் ஒருவர் முன்மொழிய வேண்டும், இன்னொருவர் வழிமொழிய வேண்டும், நுழைவுக் கட்டணம் கட்ட வேண்டும் என்பதுதான் இத்தகைய கிளப்புகளின் வழக்கம். குப்பத்துப் பிள்ளையை முன்மொழிய உள்ளே யார் இருக்கிறார்கள்? 2014இல் உயர் நீதிமன்ற நீதிபதி அரிபரந்தாமனையே வேட்டி கட்டியதற்காகச் சென்னையில் ஒரு கிளப் வாசலில் நிறுத்தினார்கள். அதே ஆண்டில் தமிழ்நாடு சட்டம் போட்டு வேட்டிக்கான தடையை நீக்கியது. வேட்டி உள்ளே போய்விட்டது. கைலி கட்டியவர் இன்னும் வெளியேதான்.

பொது நிதியில் பராமரிக்கப்படும் கிணறு, குளம், படித்துறை, சாலை, பொது இடங்களில் சாதியின் பெயரால் எவரையும் தடுக்கக் கூடாது என்கிறது அரசமைப்புச் சட்டத்தின் 15(2) பிரிவு. பொதுப்பணத்தில் எழுந்த சுவருக்குள் தேங்கி நிற்கும் தண்ணீர் மட்டும் எப்படித் தனியார் முற்றம் ஆகும்? கிண்டியில் ரேஸ் கிளப்பிடம் இருந்த சுமார் 160 ஏக்கர் அரசு நிலத்தின் குத்தகையை 2024இல் தமிழ்நாடு அரசு ரத்து செய்தது. கேள்வி கேட்கலாம் என்பதற்கு அதுவே சாட்சி.

பாய்மரப் படகு விளையாட்டே வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. வேண்டும், எல்லோருக்கும் வேண்டும். 2023 ஹாங்சோ ஆசிய விளையாட்டில் நேஹா தாக்கூர் பாய்மரப் படகில் வெள்ளி வென்றார். மத்தியப் பிரதேசத்து உழவர் வீட்டுப் பெண். கடலே இல்லாத மாநிலம் அது. போபால் ஏரியில் அரசுப் பயிற்சிப் பள்ளி நடத்திப் பதக்கம் எடுத்தார்கள். கடல் இல்லாத ஊரில் அரசு கதவைத் திறந்தது. கடலே வாசலில் இருக்கும் நம் ஊரில் கிளப்பின் கதவைக் கனவு காண்கிறோம்.

நமக்குள்ளும் ஒன்றைப் பேசியாக வேண்டும். குப்பத்தைப் புனிதமாக்கிவிட்டுப் போவது நேர்மையல்ல. 2004 சுனாமிக்குப் பிறகு நிவாரணம் வந்தபோது, படகும் வலையும் இல்லாதவர்கள் என்று கடலோரத் தலித் கூலிகள் பல இடங்களில் விடுபட்டார்கள். முகாம்களிலும் பிரித்து வைக்கப்பட்டார்கள். ஊர்ப் பஞ்சாயத்துகளில் தலித்துக்கும் பெண்ணுக்கும் இடமில்லாத குப்பங்கள் உண்டு. கிளப்பின் கதவைத் தட்டுகிறவர்கள் தங்கள் வீட்டுக் கதவையும் திறந்து வைக்க வேண்டும்.

ஆகவே, புதுச்சேரியில் பாய்மரப் படகு வருவதானால் அது கிளப்பாக வரக் கூடாது. அரசுப் பள்ளியாக வரட்டும். வம்பாகீரப்பாளையம், வீராம்பட்டினம், சோலைநகர் பிள்ளைகளுக்கும் கடலோரச் சேரிப் பிள்ளைகளுக்கும் முதல் இடம், அதில் பாதி பெண்களுக்கு. பயிற்றுநர் பணிக்குக் கடலறிந்த தண்டலுக்குச் சம்பளத்தோடு நாற்காலி. புதிதாக ஒரு கல் கடலில் விழுவதற்கு முன் வடக்கே உள்ள குப்பங்களின் ஒப்புதல். இவை இல்லாமல் வரும் எந்த மரினாவும் இன்னொரு சுவர், அவ்வளவுதான்.

அன்று நண்பரை வைத்திக்குப்பம் வரை நடத்திக் கூட்டிப்போனேன். கடற்கரை என்று காட்ட அங்கே கருங்கல்தான் இருந்தது. அடுத்த முறை யாராவது ஊரின் மதிப்பைப் பற்றிப் பேசினால் நீங்களும் அங்கிருந்தே பேச்சைத் தொடங்குங்கள், தோழர்களே.