நெசவுப் பெண்ணின் பிம்பம் யார் கையில்?

ஆகஸ்ட் 7, தேசியக் கைத்தறி தினம் நெருங்கினால் ஆரணியின் நெசவாளர் தெருக்களுக்குக் கேமராக்கள் வந்துவிடுகின்றன. நாடாவைத் தள்ளும் விரல்கள், மின்னும் சரிகை, இறுதியில் அச்சேலையை உடுத்திய வேறொரு பெண்ணின் முகம். நெய்தவரின் முகம் ஓரிரு நொடிகளுக்கு மேல் நிற்பதில்லை. அவரிடம் கூலியைப் பற்றிக் கேட்கிறார்கள். அவரைப் பற்றிக் கேட்பதில்லை.

இக்காட்சிகளைக் காணும்போது எனக்கு நளினி மலானியின் 'டாபூ' (1973) நினைவுக்கு வருகிறது. ஓவியர் அக்பர் பதம்ஸி 1969-இல் மும்பையில் தொடங்கிய பரிசோதனைப் பட்டறையில் கேமராவைக் கையாளத் தொடங்கியவர் மலானி. ராஜஸ்தானில் ஒரு நெசவாளர் சமூகத்தில் பெண்கள் தறியைத் தொடக் கூடாது என்றிருந்த விலக்கை அந்தக் கறுப்பு வெள்ளைப் படம் பதிவுசெய்தது.

ஆரணியில் அத்தகைய விலக்கு இல்லை. பெண்கள் தறியில் அமர்கிறார்கள், தார் சுற்றுகிறார்கள். நாட்டின் கைத்தறித் தொழிலாளர்களில் 70 சதவீதத்துக்கும் அதிகமானோர் பெண்கள் என்கிறது 2019-20 கைத்தறிக் கணக்கெடுப்பு. ஆனால், கூலி சேலைக்குத்தான்; தார் சுற்றியவரின் உழைப்பு அதற்குள் கரைந்துபோகிறது. படத்திலும் அப்படித்தான்.

மலானியின் பார்வை பரிவானது எனினும், வெளியிலிருந்து வந்தது. 1999-இல் சோனியா குரானா 'பேர்ட்' என்னும் காணொலியில் கேமராவைத் தன் உடலின் பக்கமே திருப்பினார். பறக்க முயன்று மீண்டும் மீண்டும் தடுமாறி விழுகிறது அவ்வுடல். அழகாகத் தோன்றியாக வேண்டும் என்ற கட்டாயத்தை அவர் ஏற்கவில்லை. எதைக் காட்டுவது, எங்கே நிறுத்துவது என்பதையும் அவரே முடிவுசெய்தார்.

கைப்பேசி வந்தபின் எல்லோரும் தம்மைத் தாமே காட்டிக்கொள்கிறார்களே என்று கேட்கலாம். ஆரணியில் நான் சந்தித்த நெசவாளர் ஒருவர், தான் எடுத்த காணொலிகளைக் காட்டினார். எல்லாவற்றிலும் சேலை, அவர் முகம் எதிலும் இல்லை. "சேலையைத்தானே சார் பார்ப்பாங்க" என்றார். கடைக்காரரின் கண் அவருடைய கண்ணாகவே மாறியிருந்தது.

சென்னை, கும்பகோணம் அரசு கவின்கலைக் கல்லூரிகள் நெசவூர்களில் காணொலிப் பட்டறைகள் நடத்தலாம். விளம்பரமோ ஆவணப்படமோ வேண்டாம். அவர்கள் விரும்பியதை எடுக்கட்டும். இதனால் கூலி உயருமா? உயராது, அது தனிப் போராட்டம்.

விற்பனைக்கு அல்லாமல் படமெடுப்பதென்றால் எதை எடுப்பீர்கள் என்று அந்தப் பெண்ணைக் கேட்டேன். சற்று யோசித்தார். தறிக் குழிக்குள் தொங்கும் தன் கால்களை என்றார்.