வாடைக் கடலும் நம் கடலும்

தஞ்சைத் தரணியில் பிறந்தவர்களுக்குத் தண்ணீர் என்றால் காவேரிதான். ஆடிப் பெருக்கன்று ஆற்றங்கரையில் சித்திரான்னம் சாப்பிடாத குடும்பம் உண்டா? ஆனால் அந்தக் காவேரி போய்ச் சேரும் சமுத்திரத்தை நாம் நினைப்பது, மாசி மகத்தன்று மூக்கைப் பிடித்துக் கொண்டு முழுக்குப் போடும்போது மட்டுமே!

தரங்கம்பாடியிலுள்ள டேனிஷ் கோட்டையை நேயர்கள் பார்த்திருக்கலாம். 1620-ல் தஞ்சை ரகுநாத நாயக்கரிடம் அனுமதி பெற்று அங்கே வந்த டென்மார்க்குக்காரர்கள், 1845-ல் ஊரை ஆங்கிலேயருக்கு விற்றுவிட்டுச் சென்றார்கள். அவர்களுடைய தேசத்தின் வடமேற்குக் கரையில், குளிர் காற்று ஓயாமல் வீசும் கிளிட்மோலர் என்ற மீனவ கிராமம் இருக்கிறது. 1967-ல் அருகே ஹான்ஸ்ட்ஹோமில் பெரிய துறைமுகம் திறந்ததும், மீன்பிடி தொழில் அங்கே போய்விட்டது. பிறகு அந்தக் காற்றையும் அலையையும் நாடியே இளைஞர்கள் பலகைகளுடன் வந்தார்கள். தடித்த ரப்பர் அங்கி அணிந்து, உறையும் குளிரிலும் அலை மீது நின்று சறுக்குகிறார்கள். இன்று அவ்வூருக்குக் 'குளிர்ந்த ஹவாய்' என்றே செல்லப் பெயர்!

"அன்னியர் விளையாட்டு நமக்கெதற்கு?" என்று கேட்கலாம். 'கட்டுமரம்' என்ற சொல்லையே ஆங்கிலத்துக்குக் கடன் கொடுத்தவர்கள் நாம். கட்டைகளைப் பிணைத்து, அலையின் முதுகேறிக் கரை சேருவது நம் மீனவரின் பழைய வித்தை. சென்னைக்குத் தெற்கே கோவளத்தில் மீனவ இளைஞர்களே இன்று அலைச் சறுக்குக்கு ஆசான்கள். 2025 ஆகஸ்டில் மாமல்லபுரத்தில் நடந்த ஆசியப் போட்டியில் ரமேஷ் புதிஹால் நம் தேசத்துக்கு வெண்கலப் பதக்கம் பெற்றுத் தந்தார்.

2004 டிசம்பர் 26-ஐக் கண்ட தாய்மார்கள் கடலுக்கு அஞ்சுவது நியாயமே. அந்தப் பேரலையை எவரும் நீந்தி வெல்ல முடியாது. ஆனால் சாதாரண நாட்களிலும் கரையிலிருந்து உள்ளே இழுக்கும் நீரோட்டம் உயிரைக் குடிக்கிறதே! அதை எதிர்த்து நீந்திக் களைத்துப் போகாமல், கரைக்கு இணையாகப் பக்கவாட்டில் நீந்தி வெளிவர வேண்டும். அலைச் சறுக்குப் பயில்வோர் முதலில் கற்கும் பாடங்களில் இது ஒன்று. நம் பிள்ளைகளில் எத்தனை பேருக்கு இது தெரியும்?

ஆகவே, கடலோரப் பள்ளிகளில் நீச்சல் சொல்லிக் கொடுக்க வேண்டும் என்பது நம் கோரிக்கை. கடலறிந்த மீனவரே வாத்தியாராக இருக்கட்டும். வாத்தியாருக்குரிய சம்பளத்தையும் மரியாதையையும் அவருக்கு அளிப்போம். பலகை பிறகு வரட்டும். முதலில் பயம் தெளியட்டும்!