லைட் மீட்பால்ஸும் ஒரு கப் சர்க்கரையும்

போன மாசம் ஒரு பொட்லக். நம்ம ஆளுங்க பாதி, அமெரிக்க நண்பர்கள் பாதி. மேசை நடுவுல ஒரு க்ராக்பாட். அது முன்னாடி கையால எழுதி மடிச்சு வெச்ச ஒரு அட்டை: "லைட் ஹவாயியன் மீட்பால்ஸ்". உள்ள பளபளன்னு செம்பழுப்பு நிறத்துல சாஸ், அதுல நெல்லிக்காய் அளவு கறி உருண்டைகள், நடுநடுவே அன்னாசித் துண்டுகள்.

எங்க வீட்டு ரங்கமணி நேரா அங்க போய் நின்னுட்டார். அவருக்கு ரெண்டு வாரம் முன்னாடிதான் ரத்தப் பரிசோதனை முடிவு வந்திருந்தது. ஏ1சி 6.1. 5.7-லேர்ந்து 6.4 வரைக்கும் இருந்தா சர்க்கரை நோய் வாசல்ல நிக்குதுன்னு அர்த்தம். 6.5 ஆச்சுன்னா உள்ளயே வந்துடுச்சு. என் மாமனாருக்கு இருபது வருஷமா சர்க்கரை, கால்ல ஒரு விரலை எடுத்தாச்சு. அதனால மனுஷர் நிஜமாவே பயந்து போயிருந்தார். அன்னிக்கு குலாப் ஜாமூன் பக்கம் தலை வெச்சுக்கூடப் படுக்கலை. கேசரியைப் பார்த்துட்டு முகத்தைத் திருப்பிக்கிட்டார்.

"லைட்டுன்னு போட்டிருக்கும்மா, வான்கோழிக் கறிதானாம்"னு சொல்லிட்டு ஒன்பது உருண்டை சாப்பிட்டார். நான் எண்ணினேன். பொண்டாட்டின்னா எண்ணத்தான் செய்வா :-)

எனக்கும் ஒண்ணு எடுத்து வாயில போட்டேன். ஜாமூனுக்குத் தம்பி மாதிரி இருந்தது. செஞ்சுக்கிட்டு வந்த தோழிகிட்ட செய்முறை கேட்டேன். பாவம், அவங்க ஆசையாத்தான் செஞ்சிருக்காங்க, ஒரு பத்திரிகையில வந்ததை வரி பிசகாம. அவங்க மேல எனக்கு எந்தக் கோபமும் இல்லை. கோபமெல்லாம் அந்தச் செய்முறை மேலயும், அதைப் பெத்த மொத்தப் பரம்பரை மேலயும்தான்.

ஒரு பவுண்டு மாட்டுக் கொத்துக்கறிக்குப் பதிலா ஒரு பவுண்டு 99 சதவீதம் கொழுப்பில்லாத வான்கோழி மார்புக்கறி. முழு முட்டைக்குப் பதிலா வெள்ளைக்கரு. இதுவரைக்கும் "லைட்". அப்புறம் சாஸுக்கு அழுத்தி அளந்த ஒரு கப் பிரவுன் சுகர், அரை கப் கெட்சப், கெட்டிப் பாகுல ஊறின அன்னாசி ஒரு பெரிய டின் (பாகைக் கொட்டிடாதீங்கன்னு தனியா ஒரு குறிப்பு வேற), ரெண்டு ஸ்பூன் வினிகர், சோள மாவு. முப்பது உருண்டை வரும்.

வீட்டுக்கு வந்து பேப்பர் பேனா எடுத்து உக்காந்தேன். மாட்டுக்கறியை (85 சதவீத ரகம்) வான்கோழி மார்பா மாத்தினதுல மிச்சமானது சுமார் 450 கலோரி. சரி, நல்ல விஷயம். ஆனா கையே வைக்காம விட்ட அந்த ஒரு கப் பிரவுன் சுகர் மட்டும் 800 கலோரிக்கு மேல! அதுல ஏறக்குறைய 210 கிராம் சர்க்கரை. கெட்சப்புல ஒரு டேபிள்ஸ்பூனுக்கு 4 கிராம், அரை கப்புக்கு 32. ரெண்டும் சேர்த்து சுமார் 240 கிராம். உருண்டைக்கு 8 கிராம். ஒன்பது உருண்டைக்கு 72 கிராம். டின் பாகை நான் இன்னும் கணக்குல சேர்க்கவே இல்லை.

அமெரிக்க இதய சங்கம் ஆண்களுக்குச் சொல்ற உச்சவரம்பு ஒரு நாளைக்கு 36 கிராம் சேர்த்த சர்க்கரை, பெண்களுக்கு 25. சாஸ் முழுக்க உருண்டைகளோடயே போச்சுன்னு வெச்சா, நம்ம ரங்கமணி தட்டுல ரெண்டு நாள் கணக்கு. அதுவும் கேசரியைத் தியாகம் பண்ணிட்டு!

இங்கதான் நான் சொல்ல வந்த விஷயம். மீட்பால்ஸை லைட் ஆக்கறோம்னு எல்லாரும் உருண்டையைத்தான் நோண்டறாங்க. கனம் இருக்கறது உருண்டையில இல்லை, சாஸ்ல.

இன்னும் மோசம் என்னன்னா, உருண்டையை நோண்டறதாலேயே சாஸ் அதிகமாகுது. கொழுப்பே இல்லாத மார்புக்கறியை உருட்டி வேக வெச்சுப் பாருங்க. கிரிக்கெட் பந்து. தொண்டையில இறங்காது. இறங்க வைக்கணும்னா என்ன வழி? இன்னும் ரெண்டு கரண்டி பாகு. கறியில எடுத்ததை சாஸ்ல திருப்பிக் கொடுத்துட்டு, அட்டையில மட்டும் "லைட்"னு எழுதறோம்.

இது ஏதோ ஒரு வீட்டுச் சமையலறையில நடந்த தப்பு இல்லை. இந்த ஊர்ல கடைப் பண்டத்து மேல "லைட்"னு போட 1993-ல வகுத்த விதியே அப்படித்தான். ஒப்பிடற பண்டத்தை விட கலோரி மூணுல ஒரு பங்கு குறையணும், இல்லைன்னா கொழுப்பு பாதியாகணும். கொழுப்புலேர்ந்தே பாதிக்கு மேல கலோரி வர்ற பண்டம்னா கொழுப்பைப் பாதியாக்கியே தீரணும். சர்க்கரையைப் பத்தி அந்த வார்த்தைக்கு ஒரு கவலையும் கிடையாது. கொழுப்பை எடுத்தா போதும், பட்டம் கெடைச்சுடும். "சேர்த்த சர்க்கரை"ன்னு லேபிள்ல தனி வரி போடணும்னு விதி வந்ததே 2016-ல, பெரிய கம்பெனிகளுக்கு அது கட்டாயமானது 2020-ல. அதுக்குள்ள ரெண்டு தலைமுறை மூளையில "லைட்டுன்னா கொழுப்பில்லாதது"ன்னு பச்சை குத்தியாச்சு. பொட்லக் அட்டை எழுதினவங்களும், அதை நம்பின ரங்கமணியும் அந்தப் பள்ளிக்கூடத்துப் பிள்ளைங்கதான்.

அடுத்து அந்த "ஹவாயியன்". அன்னாசிக்குப் பூர்வீகம் தென் அமெரிக்கா. ஜேம்ஸ் டோல்ங்கறவர் 1901-ல ஹவாயில அன்னாசிக் கம்பெனி தொடங்கினார். தோலைச் சீவி நடுத்தண்டை உருவித் தள்ற ஜினாக்கா இயந்திரம் 1911 வாக்குல வந்தது, டின் அடைக்கற வேகம் எகிறிடுச்சு. 1922-ல லானாய்ங்கற தீவையே கிட்டத்தட்ட முழுசா வாங்கிட்டார். அந்த டின்கள் அமெரிக்கா பூரா அலமாரிகளை நிரப்பினதுக்கு அப்புறம், எது மேல அன்னாசித் துண்டு விழுந்தாலும் அதுக்குப் பேர் ஹவாயியன். ஹவாயியன் பீட்ஸாவைப் பண்ணினது 1962-ல கனடாவுல ஒண்டாரியோ மாகாணத்து சாட்டம் ஊர்ல, சாம் பனோபுலோஸ்ங்கற கிரேக்கர். போதுமா?

நான் இதை சரித்திர வகுப்புக்காகச் சொல்லலை. "வெப்பமண்டலப் பழச் சுவை"ன்னு நாம நம்பிக்கிட்டு இருக்கறது டின் சுவை. பாகு சுவை. நிஜ அன்னாசி நாக்கை அரிக்கும், புளிக்கும், அப்புறம்தான் இனிக்கும். ஸ்வீட் அண்ட் சவர்ங்கறதே கான்டன் பக்கத்துச் சீனச் சமையல்லேர்ந்து வந்த சங்கதி. அங்க புளிப்பும் இனிப்பும் ஒண்ணையொண்ணு இழுத்துப் பிடிக்கணும். ஒரு கப் சர்க்கரைக்கு ரெண்டு ஸ்பூன் வினிகர்னா என்ன இழுபறி? யானையும் எறும்பும் கயிறு இழுக்கற கதைதான்.

"பழத்துல மட்டும் சர்க்கரை இல்லையா"ன்னு கேப்பீங்க. இருக்கு. பச்சை அன்னாசியில 100 கிராமுக்கு சுமார் 10 கிராம், மாம்பழத்துல சுமார் 14. கெட்டிப் பாகு டின்ல 17. மாம்பழம் மருந்துன்னு நான் சொல்லலை, சர்க்கரை இருக்கறவங்க பழத்தையும் அளந்துதான் சாப்பிடணும். ஆனா பழம் தன்னோட புளிப்பையும் நாரையும் சேர்த்துக் கொண்டு வருது. சாஸுக்கு உடம்பு குடுக்க சோள மாவு வேண்டாம், மசிச்ச மாம்பழமே போதும். இனிப்புக்கும் அதுவே, புளிப்புக்கும் பாதி அதுவே. ஒரு கப் சர்க்கரை செய்யற வேலை ஒண்ணே ஒண்ணுதான், இனிக்கறது.

சும்மா திட்டிட்டுப் போனா நியாயம் இல்லை. இப்ப நான் பண்றதைச் சொல்றேன்.

கறியில கருமித்தனம் பண்றதில்லை. 93 சதவீத வான்கோழிக் கொத்துக்கறி, இல்லைன்னா தோல் எடுத்த கோழித் தொடைக்கறி. ஒரு பவுண்டுக்கு ஒரு முழு முட்டை, துருவின வெங்காயம் ஒண்ணு, அரை கப் ஓட்ஸ், இஞ்சி, பூண்டு, உப்பு. வெங்காயச் சாறும் ஓட்ஸும் சேர்ந்து உருண்டையை மெத்துன்னு வெச்சிருக்கும். நம்ம கோலா உருண்டைக்குப் பொட்டுக்கடலை செய்யற உபகாரம் மாதிரி. எண்ணெயில பொரிக்கறதில்லை. அவன்ல 400 டிகிரி ஃபாரன்ஹீட், 15 லேர்ந்து 18 நிமிஷம். உள்ள 165 டிகிரி வரணும், கோழி வான்கோழிக்கு அதுதான் விதி.

சாஸுக்கு ரெண்டு கப் பச்சை அன்னாசித் துண்டு, ஒரு மாம்பழம், ரெண்டு டேபிள்ஸ்பூன் கெட்சப் நிறத்துக்காக, ஒரு ஸ்பூன் கெட்டிப் புளிக்கரைசல், ரைஸ் வினிகர் கொஞ்சம், காய்ஞ்ச மிளகாய், இஞ்சி. அன்னாசியை வாணலியில ஓரம் சிவக்கற வரைக்கும் வாட்டுங்க, தானாவே இனிப்பு ஏறும். பாதியை மாம்பழத்தோட மசிச்சு மத்ததெல்லாம் சேர்த்துக் கொதிக்க வெச்சு, கடைசியில எலுமிச்சை பிழிஞ்சா முடிஞ்சது. புளியும் வெப்பமண்டலப் பழம்தாங்க. யாரும் அதுக்குக் குடை குத்தி மேசையில வைக்கறதில்லை, அவ்வளவுதான்.

இதுல சர்க்கரை எவ்வளவுன்னு அதையும் கணக்குப் போட்டேன். பழத்துலேர்ந்து சுமார் 60 கிராம், கெட்சப்புலேர்ந்து 8. முப்பது உருண்டைக்குப் பிரிச்சா ஒண்ணுக்கு ரெண்டு கிராம் சொச்சம். சேர்த்த சர்க்கரைன்னு பார்த்தா கால் கிராம்தான்.

ஒரு எச்சரிக்கை. பச்சை அன்னாசியைக் கறியோட பிசைஞ்சு ராத்திரி பூரா வெச்சிடாதீங்க. அதுல புரோமெலைன்னு ஒரு நொதி இருக்கு, புரதத்தை அறுத்துடும். நான் ஒரு தடவை பண்ணினேன். காலையில உருண்டை பிடிக்கப் போனா கூழ். சூடு பட்டா அந்த நொதி செத்துடும், அதனாலதான் டின் பழத்துல இந்தத் தொல்லை இல்லை. வாட்டிட்டுச் சேர்த்தா பயமே இல்லை.

"பொட்லக்தானே, ஒரு நாள்தானே, இதுக்குப் போய் இவ்வளவா"ன்னு ரெண்டு பேர் என்கிட்டயே கேட்டாங்க. ஒரு நாள் இனிப்பு சாப்பிடறதுல எனக்கு ஒரு வருத்தமும் இல்லை. இனிப்பு சாப்பிடணும்னா ஜாமூனே சாப்பிட்டிருக்கலாமே! ரெண்டு ஜாமூனோட நிறுத்தியிருப்பார், தப்பு பண்றோம்னு தெரிஞ்சே பண்ணியிருப்பார், மறுநாள் கூட அரை மணி நேரம் நடந்திருப்பார். இங்க அவர் பயந்து, ஆசையை அடக்கி, யோசிச்சு, நல்லதுன்னு நம்பி எடுத்தது அது. ஒழுங்கா இருக்கணும்னு நெனைக்கற மனுஷனைத்தான் அந்த அட்டை ஏமாத்துது. அதான் எனக்குத் தாங்கலை.

அதனால சமைச்சு எடுத்துட்டு வர்ற புண்ணியவான்களுக்கு ஒரு வேண்டுகோள். அட்டையில "லைட்"னு எழுதாதீங்க. "வான்கோழி, ஒரு கப் சர்க்கரை"ன்னு எழுதுங்க. எங்க வீட்டு ஆளு படிச்சுப் பார்த்து முடிவு பண்ணிக்குவார்.

போன சனிக்கிழமை நான் என் உருண்டையை எடுத்துட்டுப் போனேன். ஒரு பொண்ணு வாயில போட்டுட்டு "ஆன்ட்டி, புளிக்குது"ன்னா. ஆமாம்மா, பேர்லயே புளிப்பு இருக்கேன்னேன். கால்வாசி மிஞ்சிடுச்சு, பொய் சொல்லலை. அந்தப் பழைய க்ராக்பாட் தோழி மட்டும் மிச்சத்தை டப்பாவுல போட்டு வாங்கிட்டுப் போனாங்க. அவங்க வீட்டுக்காரருக்கும் 5.9-ஆம்.

ரங்கமணி நாலு சாப்பிட்டார். எண்ணினேன். மூணு மாசம் கழிச்சு அடுத்த ரத்தப் பரிசோதனை இருக்கு.