வேலைநிறுத்தம் முடிந்தது... வழக்கு என்ன ஆகும்?

கல்யாணம் முடிந்து பந்தலையும் பிரித்த பிறகு, 'பந்தல் போட அனுமதி மறுத்தது சரியா, தப்பா?' என்று கோர்ட்டில் கேட்டால் என்ன ஆகும்? 'இனி தீர்ப்பு சொல்லி என்ன பயன்?' என்று நீதிபதி ஃபைலை மூடிவிடுவார். நம் ஊர் வக்கீல்கள் இதை 'இன்ஃப்ரக்சுவஸ்' என்பார்கள். அமெரிக்காவில் 'மூட்'. வழக்கு பயனற்றுப் போய்விட்டது என்று அர்த்தம்.

சொத்துத் தகராறில் இது நியாயம்தான். தொழிலாளர் பிரச்னையில்தான் சிக்கல். வேலைநிறுத்தம் சில நாளிலோ சில வாரத்திலோ முடிந்துவிடும். வழக்கு சுப்ரீம் கோர்ட்டைப் போய்ச் சேர வருஷக்கணக்காகும். போராட்டம் முடிந்தால் வழக்கும் முடிந்தது என்றால், அந்தத் தடைச் சட்டம் சரியா என்பதை யார்தான் எப்போது கேட்பது?

அமெரிக்காவின் மிசௌரி மாநிலத்தில் நடந்ததைப் பாருங்கள். கேஸ், மின்சாரம், பஸ் போன்ற சேவைகளில் வேலைநிறுத்தம் வந்தால், கவர்னரே நிறுவனத்தைக் கையகப்படுத்தலாம் என்று 1947-ல் ஒரு சட்டம் வந்தது. பெயர் கிங்-தாம்ஸன் சட்டம். கவர்னர் கையெழுத்துப் போட்டதும் வேலைநிறுத்தம் சட்டவிரோதம். மீறும் சங்கத்துக்கு ஒரு நாளைக்கு 10,000 டாலர் அபராதம்!

1956 ஜூலையில் செயின்ட் லூயிஸ் நகர கேஸ் கம்பெனித் தொழிலாளர்கள் வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். கவர்னர் கம்பெனியை எடுத்துக்கொண்டார். கோர்ட் தடை விதித்தது. தொழிலாளர்கள் வேலைக்குத் திரும்பினார்கள். புது ஒப்பந்தமும் கையெழுத்தாகி, கம்பெனி பழையபடி முதலாளி கைக்கே போனது. ஆனாலும், 'அந்தச் சட்டமே செல்லாது' என்று சங்கம் சுப்ரீம் கோர்ட் வரை போனது. 1960-ல் வந்த பதில்: சண்டை தீர்ந்துவிட்டது, வழக்கு மூட். அபராதம் கேட்டு மாநில அரசு போட்ட வழக்கு விசாரணைக்கே வராமல் கிடக்கிறதே, அங்கே போய் இதையெல்லாம் கேளுங்கள் என்றது கோர்ட். சமாதானமாகப் போனதற்குக் கிடைத்த பரிசு!

சட்டம் அப்படியே இருந்தது. அடுத்த அடி கான்சாஸ் சிட்டி பஸ் தொழிலாளர்களுக்கு. 1961 நவம்பரில் அவர்கள் பஸ்ஸை நிறுத்திய அன்றே கவர்னரின் கையெழுத்து. 'கையகப்படுத்தினார்' என்றதும் ஏதோ அரசாங்கமே பஸ் ஓட்டியது என்று நினைத்துவிடாதீர்கள். தொழிலாளர்கள் அரசு ஊழியர் ஆகவில்லை. அவர்களுக்குச் சம்பளம் அரசு தரவில்லை. கம்பெனியின் சொத்தில் ஒரு ஆணிகூட அரசுக்கு மாறவில்லை. எல்லாம் காகிதத்தில்தான். நிஜத்தில் பறிபோனது வேலைநிறுத்த உரிமை மட்டுமே.

இந்த முறை ஒரே ஒரு வித்தியாசம். தகராறு தீரவில்லை, கவர்னரின் உத்தரவும் அமலில் இருந்தது. அதனால் வழக்குக்கு உயிர் இருந்தது. மத்தியச் சட்டம் தந்த வேலைநிறுத்த உரிமையை மாநிலம் பறிக்க முடியாது என்று 1963 ஜூனில் சுப்ரீம் கோர்ட் தீர்ப்பளித்தது. 1960-ல் 'மூட்' என்று எழுதிய அதே நீதிபதி பாட்டர் ஸ்டூவர்ட்தான் இதையும் எழுதினார்.

முதலாளிகளுக்கும் இதே தலைவலி வந்ததுண்டு. நியூ ஜெர்சி மாநிலத்தின் கேம்டன் நகரில் 'சூப்பர் டயர்' என்ற கம்பெனி. 1971 மே மாதம் அங்கே வேலைநிறுத்தம். போராடியவர்களுக்கு மாநில அரசின் நலத்திட்டப் பணம் கிடைத்தது. 'அரசே அவர்கள் பக்கம் தராசைச் சாய்க்கிறது' என்று கம்பெனி வழக்குப் போட்டது. சுமார் ஆறு வாரத்தில் போராட்டம் முடிந்துவிட, அப்பீல் கோர்ட் வழக்கை மூட் என்றது.

1974-ல் சுப்ரீம் கோர்ட் அதை மாற்றியது. போராட்டம் முடிந்தாலும் அரசின் கொள்கை அப்படியே இருக்கிறது, அடுத்த பேச்சுவார்த்தையிலும் அது இரு தரப்பின் தலைக்கு மேல் தொங்கும், ஆகவே வழக்கு நிற்கும் என்றது. இதில் தீர்மானம் 5-க்கு 4. எதிர்த்து எழுதியவர் யார் தெரியுமா? மறுபடியும் ஸ்டூவர்ட்!

போராடுபவர்களுக்கு அரசு பணம் தருவது சரியா, தப்பா என்று அன்றைக்கும் சுப்ரீம் கோர்ட் சொல்லவில்லை. அதை விசாரிக்க வழக்கைக் கீழ்க் கோர்ட்டுக்கே திருப்பி அனுப்பியது.