ஓசை அடங்கினால்தான் ஆயுதம்

நீண்ட பயணம் கிளம்பும் அமெரிக்க அணுசக்தி நீர்மூழ்கியில் முதல் சில வாரங்கள் தலையைக் குனிந்துதான் நடக்க வேண்டியிருக்கும். உணவு டப்பாக்களை நடைபாதையிலேயே அடுக்கி, அவற்றின் மேல் நடப்பார்கள். சாப்பிடச் சாப்பிடத் தரை இறங்கும். கடலுக்கடியில் எத்தனை நாள் தங்கலாம் என்பதை அந்த டப்பாக்கள்தான் தீர்மானிக்கின்றன. எரிபொருள் ஒரு கவலையே இல்லை. ‘வர்ஜீனியா’ வகைக் கப்பலின் அணு உலையில் ஒருமுறை நிரப்பியது அதன் ஆயுளான 33 ஆண்டுகளுக்கும் போதும். குடிநீரும் ஆக்சிஜனும் கடல்நீரிலிருந்தே கிடைத்துவிடும்.

நம் ‘கல்வரி’ போன்ற டீசல் நீர்மூழ்கிகளுக்கு இந்தக் கொடுப்பினை இல்லை. பேட்டரி இறங்கினால் மூச்சுக்குழாயை நீருக்கு மேல் நீட்டி எஞ்சினை ஓட்டியாக வேண்டும், மாட்டிக்கொள்வது அப்போதுதான். ஆனால், பேட்டரியில் மெல்ல ஊரும்போது அதைக் கேட்டுப் பிடிப்பது மகா கஷ்டம். அணு உலை அப்படியல்ல. குளிர்விக்கும் நீர் சுற்றிக்கொண்டே இருக்க வேண்டும், டர்பைன் சுழல வேண்டும். ஆக, வடிவமைப்பாளர்கள் மல்லுக்கட்டுவதெல்லாம் கப்பலின் சொந்த ஓசையோடுதான். இயந்திரங்களை உடற்கூட்டில் நேரடியாகப் பூட்டாமல், அதிர்வை உறிஞ்சும் மேடைமேல் ஏற்றுகிறார்கள். வெளிப்புறம் முழுக்க ரப்பர் ஓடுகள். உந்துவிசிறி வேகமெடுத்தால் நீர்க்குமிழிகள் வெடித்துக் காட்டிக்கொடுக்கும் என்பதால், உறைக்குள் சுழலும் பம்ப்ஜெட். மெதுவாகப் போகும்போது பம்பே இல்லாமல், சூடேறிய நீர் தானாக மேலெழுந்து சுற்றிவரும் உலைகளும் உண்டு.

ஏவுகணைகளை எண்ணிக்காட்டி வியப்பது நம் தொலைக்காட்சிகளின் பழக்கம். ஆனால், போரில் கைகொடுப்பது ஓசையடக்கம்தான். 1982 மே 2 அன்று பாக்லாந்து போரில் என்ன நடந்தது? பிரிட்டனின் அணுசக்தி நீர்மூழ்கியான ‘காங்கரர்’ ஒரு நாளுக்கு மேல் பின்தொடர்ந்தும் அர்ஜென்டினாவின் போர்க்கப்பலான ‘பெல்கிரானோ’வுக்கு அது தெரியவில்லை. மூழ்கடித்த டார்பிடோவோ இரண்டாம் உலகப் போருக்கு முந்தைய வடிவமைப்பு. 323 பேர் இறந்தனர். அதன்பின் அர்ஜென்டினாவின் விமானந்தாங்கிக் கப்பல் கரையோரம் ஒதுங்கியது; போர் முடியும்வரை வரவில்லை.

இந்தியாவுக்கு வருவோம். நம் அணு ஏவுகணை நீர்மூழ்கியான அரிஹந்தின் 83 மெகாவாட் உலைக்கு முன்மாதிரி ஓடியது கல்பாக்கத்தில். நீருக்கடியில் இருக்கும் கப்பலுக்குச் செய்தி அனுப்பும் கோபுரங்கள் திருநெல்வேலி மாவட்டம் விஜயநாராயணத்தில், ஐஎன்எஸ் கட்டபொம்மன் தளத்தில் நிற்கின்றன. அடித்தளம் இருக்கிறது. ஆனால், அரிஹந்தின் வேலை பதுங்கியிருப்பது. நாம் கட்டவிருக்கும் தாக்குதல் நீர்மூழ்கியோ எதிரியை விரட்டிப் போக வேண்டும். அந்த வேகத்திலும் ஓசை அடங்கியிருக்க வேண்டும். அதற்கு உலை பெரிதாக வேண்டும், பம்ப்ஜெட்டும் அதிர்வு மேடையும் கைவசப்பட வேண்டும். பணத்தைக் கொட்ட வேண்டிய இடம் இதுதான்.

2015-ல் இத்தகைய ஆறு தாக்குதல் நீர்மூழ்கிகளுக்குத் தலையசைத்த மத்திய அரசு, 2024 அக்டோபரில் கட்டுமானத்துக்கு அனுமதித்தது இரண்டுக்கு மட்டும். ஒன்று பழுதுபார்ப்பில் நின்றால் மிஞ்சுவது ஒன்று; அதுவும் எப்போதும் கடலில் இருக்காது. வங்கக் கடல், அரபிக் கடல் என இரு பக்கமும் காவல் காக்க இது போதாது. மீதமுள்ள நான்குக்கும் அனுமதியை இப்போதே வழங்க வேண்டும்.