துணை வேடம் இழிவா?

நம் சங்கத்து ஆண்டுவிழா நாடகம் இவ்வாண்டு ஒத்திகையைக்கூட எட்டாமல் நின்றுபோனது. காரணம் யாவரும் அறிந்ததே. கதாநாயகனாக நடிக்க ஐவர் முன்வந்தனர். தந்தையாக நடிக்க ஒருவரும் வரவில்லை. மறுத்தவர்களுள் நானும் ஒருவன். நாணத்தோடுதான் இதை எழுதுகிறேன்.

மறுத்துவிட்டு அறைக்குத் திரும்பியபோது நினைவுக்கு வந்தவர் டி. எஸ். பாலையா. எருத்தேன்பதியில் எங்கள் வீட்டில் அவருக்குத் தனி மதிப்பு உண்டு. 1964இல் வெளிவந்த 'காதலிக்க நேரமில்லை' படத்தின் காட்சிகள் பல, பொள்ளாச்சியை அடுத்த ஆழியாற்றில் எடுக்கப்பட்டவை. அந்த ஆழியாற்று நீர்தான் எங்கள் சித்தூர் வட்டத்து வயல்களுக்கும் வருகிறது. இசையமைத்த இருவருள் எம். எஸ். விசுவநாதன் பாலக்காட்டு எலப்புள்ளியில் பிறந்தவர். ஆகவே அது எங்கள் அப்புச்சிக்கு ஊர்ப்படம்!

அதில் நாகேஷ் பேய்க்கதை சொல்லும் காட்சியை மறந்தவர் உண்டா? சொல்பவர் நாகேஷ், கேட்பவர் பாலையா. பேச்செல்லாம் நாகேஷுக்கே. ஆயினும் பாலையாவின் முகத்தில் அச்சம் படிப்படியாக ஏறுவதால் அன்றோ நமக்குச் சிரிப்பு வருகிறது? கேட்பவன் சரியாக இல்லையேல் சொல்பவன் என்ன செய்வான்?

1936இல் 'சதி லீலாவதி'யில் அவர் வில்லன். எம்.ஜி.ஆர். சிறு வேடத்தில் அறிமுகமானதும் அதே படத்தில்தான். ஒருவர் நாயகனாகி, பின்னர் நாடாண்டார். மற்றவரோ 1972இல் மறையும்வரை பெரும்பாலும் துணை வேடங்களே ஏற்றார். 'திருவிளையாட'லில் (1965) செருக்கழியும் ஏமநாத பாகவதர்; 'தில்லானா மோகனாம்பா'ளில் (1968) நாயகனின் நாதசுரத்துக்குத் துணைநின்ற தவில்காரர். அவரை நீக்கிவிட்டு அப்படங்களை எண்ணிப்பாருங்கள்!

"துணை வேடத்துக்குப் புகழ் ஏது?" என்று கேட்பீர்கள். கேள்வி நியாயமானதே. தேசிய விருதுகளில் சிறந்த நடிகருக்கான பரிசு 1967ஆம் ஆண்டுப் படங்களிலிருந்து தொடங்கியது. துணை நடிகருக்கான பரிசு வந்ததோ 1984ஆம் ஆண்டுப் படங்களுக்கு. பாலையா மறைந்து பன்னிரண்டு ஆண்டுகள் கடந்துவிட்டன! இக்குறை நடித்தவருடையதா? பார்த்து மகிழ்ந்துவிட்டுப் பெயரைக் கேளாது எழுந்துபோன நம்முடையதன்றோ?

நான் வேதியியல் மாணவன். வினையூக்கியின் பெயரைச் சமன்பாட்டில் அம்புக்குறியின் மேலே சிறிய எழுத்தில் எழுதுவோம். அஃதில்லாவிடில் வினை முடியக் காலமெல்லாம் காத்திருக்க நேரும். ஆய்வகத்தில் அதை நன்கறிந்த நான், மேடையில் மறந்துவிட்டேன்.

தோழர்களே! இரண்டு செய்வோம். இனி நம் விழா அழைப்பிதழில் நடிப்போர் பெயர்கள் யாவும் ஒரே அளவு எழுத்தில் அச்சாகட்டும். திரை இழுப்பவர் பெயரும் அதில் இருக்கட்டும். அடுத்து, தந்தை வேடத்தை நான் ஏற்கிறேன். ஐவருள் யார் மகன் என்பதை முடிவு செய்துவிட்டு, ஒத்திகைக்கு நாள் குறியுங்கள்.